மூன்று வாரமும் ஒரு நெத்திலிக் கட்டியும்

அன்று வியாழக்கிழமை. பள்ளிக்குப் போகும் வழியில் டயர் காற்றிறங்கி, ஈஜோக் சாலையோர டயர் கடை ஒன்றில் உட்கார்ந்திருந்தேன். "டயர் போச்சுக்கா, அரை மணி நேரம் லேட்டாகும்" என்று ரீத்தா அக்காவுக்குச் செய்தி அனுப்பியிருந்தேன். வழக்கமாக அரை நிமிடத்தில் ஒரு கட்டைவிரல் படம் பதிலாக வரும். அன்று வரவில்லை. பதினைந்து நிமிடம் கழித்துப் பள்ளி வேன் ஓட்டும் முனியாண்டி அங்கிள் கூப்பிட்டார்.

"எங்க இருக்கீங்க டீச்சர்?"

"டயர் மாத்திக்கிட்டு இருக்கேன் அங்கிள். ரீத்தா அக்காகிட்ட சொல்லிட்டேன்."

அவர் வேனை ஓரமாக நிறுத்தும் சத்தம் கேட்டது. பிறகு சொன்னார். "ரீத்தா கிராணி இல்லம்மா. காலையில வேலைக்குக் கெளம்பறப்ப விழுந்துட்டாங்களாம். வீட்டுக்காரரு அந்தோணி காருல போட்டுக்கிட்டு ஓடியிருக்கு. வழியிலயே முடிஞ்சிருச்சு."

கடைக்காரர் சக்கரத்தின் கடைசித் திருகை முடுக்கிக்கொண்டிருந்தார். நான் அனுப்பிய செய்தியை எடுத்துப் பார்த்தேன். யாரும் திறக்காமல் அப்படியே இருந்தது.

ரீத்தா மேரி எங்கள் பள்ளியின் அலுவலக எழுத்தர். வயது ஐம்பத்தொன்று. செம்பனைத் தோட்டத்துக்கு நடுவில் இருக்கும் எங்கள் தமிழ்ப்பள்ளியில் பத்தொன்பது ஆண்டுகள் வேலை பார்த்தார். தோட்ட அலுவலகத்தில் கணக்கு எழுதுபவரைக் கிராணி என்று அழைத்துப் பழகிய பெற்றோர்கள் அவரையும் கிராணி என்றே அழைத்தார்கள். ஆசிரியர்களுக்கு அவர் அக்கா. நான் அந்தப் பள்ளியில் நூலகத்தைப் பார்த்துக்கொண்டு தமிழ் கற்பிக்கிறேன். ஏழு ஆண்டுகள் அவருடைய மேசைக்கு எதிர் அறையில் இருந்தேன்.

பள்ளியின் நினைவு மலருக்கு எழுதித் தரச் சொன்னார்கள். நல்லதை எழுதினால் போதும் என்றும் சொன்னார்கள். எழுதுவதற்கு நிறைய நல்லது இருக்கிறது. ஆனால் வெள்ளிக்கிழமை அடக்கத்தின்போது, தேவாலயத்துக்கு வெளியே போட்டிருந்த கூடாரத்தின் கீழ், எங்கள் பள்ளிச் சிற்றுண்டிச்சாலை நடத்தும் தெய்வானை அக்கா பக்கத்தில் இருந்தவரிடம் இப்படிச் சொன்னார்.

"நல்ல மனுஷிதான், இல்லேங்கல. ஆனா அந்த நெத்திலி விசயத்த மூணு வாரம் வாய்க்குள்ளயே வச்சிருந்துச்சே. அத மட்டும் என்னால மறக்க முடியல."

கேட்டவர் தலையாட்டினார். நான் இரண்டு நாற்காலி தள்ளி நின்றுகொண்டிருந்தேன். அந்த மூன்று வாரத்தில் என்ன நடந்தது என்பது அப்போது உயிரோடு இருந்தவர்களில் எனக்கு மட்டும்தான் தெரியும். அன்று வாயைத் திறக்கவில்லை. அதனால் இந்த நினைவஞ்சலி அதைப் பற்றியது. அவரை அறிந்தவர்கள் பொறுமையாகப் படிக்க வேண்டும்.

நான் வேலைக்குச் சேர்ந்த முதல் மாதத்தில் ஒரு மாணவியின் பிறந்த தேதியைப் படிவத்தில் தவறாக எழுதிவிட்டேன். வெள்ளை மை பூசி, காயவைத்து, அதன் மேல் சரியான தேதியை எழுதி, அழகாக இருக்கிறது என்று நினைத்துக் கொடுத்தேன். அக்கா அந்தத் தாளை விளக்குக்கு நேராகத் தூக்கிப் பிடித்தபடி என் அறைக்கு வந்தார்.

"டீச்சர், இது என்னா, சுவத்துக்கு சுண்ணாம்பு அடிச்சிருக்கீங்களா?"

"தப்பா எழுதிட்டேன்கா."

"எழுதலாம்லா. எல்லாரும்தான் எழுதறோம். ஆனா பூசக் கூடாது. தப்பு மேல ஒரே ஒரு கோடு. அடியில என்னா இருந்துச்சுன்னு படிக்கத் தெரியணும். பக்கத்துல சரியானத எழுதணும். அதுக்குப் பக்கத்துல சைன். தப்பு யாருதுன்னு தெரியலன்னா இந்த ஆபீஸ்ல எல்லாருமே திருடனா தெரிவோம்."

புதிய படிவம் கொடுத்தார். அவருடைய மேசை இழுப்பறையில் வெள்ளை மைப் புட்டி கிடையாது. தலைமையாசிரியரே கேட்டாலும் "இல்ல சார், கோடு போடுங்க" என்பார். அவர் கையால் நிரப்பிய பதிவேடுகள் இன்றும் அலமாரியில் இருக்கின்றன. அங்கங்கே ஒரு கோடு, ஒரு திருத்தம், ரீ.மே. என்ற இரண்டு எழுத்து. புரட்டிப் பார்த்தால் பத்தொன்பது ஆண்டுகளில் அவர் எங்கெல்லாம் தவறு செய்தார் என்று யாரும் எண்ணிவிடலாம்.

இனி கிராணி கறி.

தேவாலயத்தின் குடும்ப நாளில் அதிர்ஷ்டக் குலுக்கலில் அவருக்கு ஒரு சிறிய மேசை ஓவன் விழுந்தது. அவர் ஆசைப்பட்டது மூன்றாம் பரிசான சோற்றுப் பானைக்கு. மாற்றிக் கொடுக்க மாட்டோம் என்றார்கள். ஓவனோடு மலாய் மொழியில் ஒரு சமையல் புத்தகம் வந்தது. அதில் பதினோராம் பக்கத்தில் காய்கறிக் காசரோல் என்று ஒன்று இருந்தது. கேக் செய்ய முட்டை அடிக்க வேண்டும், ரொட்டி செய்ய மாவு பிசைய வேண்டும், இது ஒன்றுதான் தன் பொறுமைக்கு ஏற்றது என்று அதைப் பிடித்துக்கொண்டார். காசரோல் என்ற பெயர் எங்கள் பள்ளியில் யார் வாயிலும் நிற்கவில்லை. கிராணி கறி என்றால்தான் எல்லாருக்கும் தெரியும்.

செய்முறையைக் கேட்டவர்கள் பலர். ஒரு முறை முழுதாக எழுதிவிடுகிறேன். நான்கு உருளைக்கிழங்கு, இரண்டு கேரட், பாதி காலிபிளவர், ஒரு பிடி பீன்ஸ். கிழங்கையும் கேரட்டையும் பென்சில் கனத்துக்கு வட்டமாக அரிய வேண்டும். உப்புப் போட்ட கொதிநீரில் எல்லாவற்றையும் அரைவேக்காடாக எடுத்து வடித்துவிட வேண்டும். தண்ணீர் நின்றால் கறி அழுதுவிடும் என்பார். சட்டியில் இரண்டு கரண்டி வெண்ணெய், பொடியாக நறுக்கிய ஒரு வெங்காயம். வெங்காயம் சிவக்கக் கூடாது. பிறகு இரண்டு கரண்டி கோதுமை மாவைப் போட்டுப் பச்சை வாசனை போகக் கிளறி, இரண்டு குவளைப் பாலைக் கொஞ்சம் கொஞ்சமாக ஊற்றிக் கைவிடாமல் கிண்ட வேண்டும். தோசை மாவைவிடச் சற்று இளக்கமாக வரும்போது சுவைக்காகக் கடையில் விற்கும் சதுரச் சூப் கட்டி ஒன்றை உதிர்த்துப் போட்டு, வெள்ளை மிளகுத்தூளும் ஒரு சிட்டிகை மஞ்சளும் சேர்க்க வேண்டும். மஞ்சள் புத்தகத்தில் இல்லை. "வெள்ளையா இருந்தா நம்ம ஆளுங்க ஆஸ்பத்திரி சாப்பாடும்பாங்க" என்று அக்காவே சேர்த்தது. காய்களைக் கண்ணாடிப் பாத்திரத்தில் அடுக்கி, மேலே அந்தக் குழம்பை ஊற்றி, கையால் நொறுக்கிய கிரீம் கிரேக்கர் பிஸ்கட்டைத் தூவி, அங்கங்கே வெண்ணெய்ப் பொட்டு வைத்து ஓவனில் வைத்தால் நாற்பது நிமிடம். ஓரம் கொதித்து மேலே பொன்னிறமானதும் எடுத்து, பத்து நிமிடம் ஆறவிட வேண்டும். ஆறவிடாமல் வெட்டினால் எல்லாம் ஓடிவிடும்.

இந்தப் பாத்திரத்தை அக்கா அதிகம் கொண்டுபோனது துக்க வீடுகளுக்கு. அவர் கத்தோலிக்கர். எங்கள் பக்கத்தில் பாதிக்கு மேல் இந்துக் குடும்பங்கள். இறப்பு நடந்த வீட்டில் அடுப்பு மூட்ட மாட்டார்கள், பதினாறாம் நாள் காரியம் முடியும்வரை கவுச்சி கிடையாது என்பதெல்லாம் அவருக்கு எங்களைவிட நன்றாகத் தெரியும். எப்போதும் மூன்றாம் நாள்தான் போவார். ஏன் என்று கேட்டிருக்கிறேன்.

"மொத ரெண்டு நாளு ஊரே தூக்கிக்கிட்டு வரும், மீந்து கொட்டுவாங்க. மூணாவது நாளு எல்லாரும் வேலைக்குப் போயிருவாங்க. அன்னைக்குத்தான் வீட்டு ஆளுக்குப் பசிக்கும்."

காரம் ஏன் போடுவதில்லை என்று கேட்டதற்கு, "காரம் போட்டா அழறதுக்கு இன்னொரு சாக்கு கெடைச்சிரும்" என்றார்.

இரண்டரை ஆண்டுகளுக்கு முன் என் அப்பா இறந்தார். அதே தோட்டத்தில் செம்பனைக் குலை இழுக்கும் டிராக்டர் ஓட்டியவர். அம்மா இரண்டு நாள் வெறும் தேநீரில் இருந்தார். உறவினர்கள் கொண்டுவந்த இட்லியை உள்ளங்கையில் வைத்துப் பார்த்துவிட்டு என் தட்டில் போட்டார். மூன்றாம் நாள் மதியம், துண்டில் சுற்றிய கண்ணாடிப் பாத்திரத்தை மோட்டார் சைக்கிள் கூடையில் வைத்து, நடக்கும் வேகத்தில் ஓட்டிக்கொண்டு ரீத்தா அக்கா வந்தார்.

அம்மாவின் எதிரில் உட்கார்ந்து ஒரு கரண்டி எடுத்து வைத்தார்.

"இது என்னா புள்ள, கஞ்சியும் இல்ல கறியும் இல்ல?" என்றார் அம்மா.

"ரெண்டுக்கும் நடுவுலக்கா. பல்லுக்கு வேலை இல்ல, முழுங்கினா போதும்."

அம்மா விழுங்கினார். இன்னொரு கரண்டி கேட்டார். பிறகு பாத்திரத்தின் ஒரு மூலையை முழுதாகச் சாப்பிட்டுவிட்டு, இரண்டு நாளைக்குப் பிறகு படுத்துத் தூங்கினார். துக்க வீட்டில் போய்வருகிறேன் என்று சொல்லக் கூடாது என்பதால் அக்கா ஒன்றும் சொல்லாமல் எழுந்து போய்விட்டார். பாத்திரத்தைக் கேட்கவும் இல்லை.

அப்பாவின் வருஷத் திதி முடியும்வரை மீனும் இறைச்சியும் தொடுவதில்லை என்று அம்மா விரதம் எடுத்துக்கொண்டார். அவருக்கு உடம்பு இளைத்துக்கொண்டே போனது. சாப்பாட்டின் மேல் பிடிப்பு இல்லை. வெள்ளிக்கிழமைதோறும் அக்கா கொண்டுவந்த கிராணி கறிதான் அவர் கேட்டு வாங்கிச் சாப்பிட்ட ஒரே உணவு. நான் வாரத்தை அதை வைத்துத்தான் எண்ணினேன்.

மூன்று மாதம் போயிருக்கும். ஒரு திங்கட்கிழமை இடைவேளையில் அக்கா நூலகத்துக்கு வந்து கதவைச் சாத்தினார். புதுக் கண்ணாடி போட்டிருந்தார்.

"யாழினி, உக்காரு. ஒண்ணு சொல்லணும்."

என் மேசை மேல் நகத்தளவு வெள்ளித்தாள் ஒன்றை விரித்து வைத்தார். சூப் கட்டி சுற்றி வரும் தாள். அதில் மிகச் சிறிய எழுத்தில் இக்கான் பிலிஸ் என்று மலாயில் அச்சடித்திருந்தது. நெத்திலி.

நடந்தது இதுதான். அக்கா சூப் கட்டியைப் பெட்டியாக வாங்குவதில்லை. வீட்டுக்குப் பக்கத்துச் சில்லறைக் கடையில் மிட்டாய் மாதிரி புட்டியில் போட்டு உதிரியாக விற்பார்கள். ஆரம்பத்தில் ஒரு முறை மரக்கறிக் கட்டி என்று கேட்டு வாங்கினார். பிறகு "எப்பவும் வாங்கறது" என்பார், கடைக்காரர் எடுத்துக் கொடுப்பார். எப்போது புட்டிக்குள் சரக்கு மாறியது என்று இருவருக்கும் தெரியாது. முந்தின வாரம் கோலசிலாங்கூரில் ஒரு பேரங்காடியில் மரக்கறிக் கட்டியைப் பெட்டியாகப் பார்த்து வாங்கி, அதைப் போட்டு ஞாயிற்றுக்கிழமை வீட்டில் செய்திருக்கிறார். அவருடைய கணவர் அந்தோணி அண்ணன் இரண்டு வாய் சாப்பிட்டுவிட்டு, "என்னா இது, இன்னைக்குக் கறி வெறும் கறியா இருக்கு?" என்று கேட்டிருக்கிறார். அக்கா பழைய கட்டியைத் தேடி எடுத்து, புதுக் கண்ணாடியைப் போட்டுத் தாளைப் படித்திருக்கிறார்.

"ஒங்க வீடு மட்டும் இல்ல. தஞ்சோங் காராங்ல ஒரு வீடு, தெய்வானையோட அம்மா செத்தப்ப அவங்க வீடு, இன்னும் நாலஞ்சு இருக்கும். எல்லாம் காரியம் முடியாத வீடு. எல்லாருக்கும் நெத்திலிய ஊட்டிட்டு வந்திருக்கேன்." கையைப் பிசைந்துகொண்டே சொன்னார். "மொதல்ல ஒங்கம்மாகிட்ட சொல்லணும். அவங்கதான் வெரதத்துல இருக்காங்க. இன்னைக்கு சாயந்தரம் வரேன்."

"வேணாம்கா" என்றேன்.

"என்னா வேணாம்?"

"சொல்ல வேணாம். இனிமே மரக்கறிக் கட்டி போடுங்க. முடிஞ்சுச்சு."

"எப்படி முடியும்? தெரியாம குடுத்தது ஒரு தப்பு. தெரிஞ்சும் சும்மா இருந்தா அது வேற தப்புலா."

"அம்மா சாப்பிடறது அது ஒண்ணுதான். இப்ப போயி நெத்திலின்னு சொன்னா, அப்பா காரியம் கெட்டுப்போச்சுன்னு நெனைப்பாங்க. மறுபடியும் பட்டினி கெடப்பாங்க. நீங்க சொல்லிட்டு நிம்மதியா வீட்டுக்குப் போயிருவீங்க. நான்தான் அவங்ககூட இருக்கணும்."

உண்மையைச் சொல்பவர்களைப் பற்றி நான் நிறையப் படித்திருக்கிறேன். மாணவர்களுக்குச் சொல்லியும் கொடுக்கிறேன். அந்த நேரத்தில் ஒரு வரிகூட நினைவுக்கு வரவில்லை. அம்மாவின் மணிக்கட்டு மட்டும்தான் நினைவில் இருந்தது. வளையல் முழங்கைவரை ஏறும் அளவுக்கு இளைத்திருந்தது.

அக்கா வெள்ளித்தாளை நான்காக மடித்துப் பையில் போட்டார். "அவங்க ஒங்கம்மா. நீ சரின்னு சொல்ற வரைக்கும் நான் வாயத் தொறக்கல. மத்த வீட்டுலயும் சொல்ல முடியாது, இந்த ஊருல ஒரு வீட்டுல சொன்னா சாயந்தரத்துக்குள்ள ஒங்க வீட்டுக்கு வந்துரும். ஆனா ஒண்ணு. சொல்லாம ஒங்கம்மாவுக்கு இன்னொரு கரண்டி குடுக்க மாட்டேன். மரக்கறிக் கட்டி போட்டாலும் குடுக்க மாட்டேன்."

அந்த வெள்ளிக்கிழமை கறி வரவில்லை. அக்காவுக்கு வேலை என்று அம்மாவிடம் சொன்னேன். அடுத்த வெள்ளியும் வரவில்லை. ஓவன் பழுது என்றேன். பள்ளியில் அக்காவும் நானும் படிவம், சாவி, வருகைப் பதிவு என்று தேவையானதை மட்டும் பேசிக்கொண்டோம். மூன்றாம் வெள்ளிக்கிழமை அம்மா சோற்றைப் பிசைந்து வைத்துவிட்டு என்னைப் பார்த்தார்.

"அந்தப் புள்ளைக்கு நான் என்னா பண்ணேன் பாப்பா? ஏதாச்சும் சொல்லிட்டேனா?"

திங்கட்கிழமை காலை, அக்கா பையைக் கீழே வைப்பதற்கு முன் அவர் மேசைக்குப் போய், "இன்னைக்கு வாங்கக்கா" என்றேன்.

வந்தார். வெறுங்கையோடு வந்தார். கூடத்தில் அம்மாவுக்கு எதிரில் தரையில் உட்கார்ந்து, வெள்ளித்தாளை வைத்து, புட்டி, கடை, கண்ணாடி எல்லாவற்றையும் சொன்னார். எதையும் குறைத்துச் சொல்லவில்லை. அம்மா தாளை எடுத்துப் பார்த்தார். மலாய் படிக்கத் தெரியும்.

"பதினாறு நாளுக்குள்ள எனக்கு நெத்திலியக் குடுத்துட்டியா?"

"ஆமாக்கா."

"இது ஒனக்கு எப்பத் தெரியும்?"

"மூணு வாரம் ஆச்சு."

"மூணு வாரமா? தெரிஞ்சுக்கிட்டே இருந்தியா? நான் இங்க ஒன்னைய நெனைச்சு நெனைச்சு உக்காந்திருக்கேன், நீ மூணு வாரம் சும்மா இருந்தியா?"

நான் கதவருகே நின்றேன். வாயைத் திறக்க வேண்டிய இடம் அதுதான். அக்கா என்னைத் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை.

"பயமா இருந்துச்சுக்கா" என்றார்.

அவர் பொய் சொல்லி நான் கேட்டது அந்த ஒரு முறைதான்.

அம்மா எழுந்து போய்த் தலைக்குக் குளித்தார். ஈரத் தலையோடு அப்பாவின் படத்துக்கு விளக்கேற்றி, பக்கத்து அறையில் ஆள் இருப்பதைப் பொருட்படுத்தாமல் உரக்கச் சொன்னார். "ஏங்க, இந்தப் புள்ள தெரியாம போட்டுருச்சு. நானும் தெரியாம தின்னுட்டேன். ஒரு தடவ இல்ல, பன்னெண்டு பதிமூணு தடவ. இப்பத்தான் சொல்லுது." கொஞ்ச நேரம் நின்றார். திரும்பி வந்து உட்கார்ந்தார்.

"சொல்லிட்டேன். அவரு ஒண்ணும் சொல்லல." பிறகு அக்காவைப் பார்த்து, "வெள்ளிக்கெழம கொண்டு வா. மரக்கறிக் கட்டி. பெட்டியோட கொண்டு வா, நான் படிச்சுப் பாக்கணும்" என்றார்.

நான் பயந்தது எதுவும் நடக்கவில்லை. அம்மா பட்டினி கிடக்கவில்லை. விரதத்தைத் திதிவரை நடத்தினார். திதி முடிந்த வாரமே அக்காவிடம், "இனிமே பழைய கட்டியவே போடு. அதுலதான் ருசி இருந்துச்சு" என்றார்.

மற்ற வீடுகளுக்கும் அக்கா ஒவ்வொன்றாகப் போனார். எல்லா வீட்டிலும் அதே கேள்வி வந்தது, எப்போது தெரியும் என்று. அவர் எல்லா இடத்திலும் மூன்று வாரம் என்றும் பயம் என்றும் சொன்னார். சிலர் சிரித்தார்கள். சிலர் பரிகாரம் செய்தார்கள். தெய்வானை அக்காவால் பொறுக்க முடியவில்லை. அவருடைய அம்மா காரியத்துக்குள் நடந்தது அது. தவறு நடந்ததை அவர் மன்னித்துவிட்டார். மூன்று வாரம் தினமும் தன் கடைக்கு வந்து, தேநீர் குடித்து, கதை பேசி, சொல்லாமல் போனதைத்தான் மன்னிக்கவில்லை.

அன்றிலிருந்து தெய்வானை அக்கா எங்கள் எல்லாருக்கும் தேநீர்க் குவளையைக் கையில் கொடுப்பார். ரீத்தா அக்காவுக்கு மட்டும் மேசை மேல் வைத்துவிட்டுத் திரும்பிக்கொள்வார். இரண்டு ஆண்டுக்கு மேல் தினமும் காலை பத்து மணிக்கு இது நடந்தது. நான் பக்கத்தில் நின்று என் குவளையைக் கையில் வாங்கிக்கொண்டிருந்தேன். ஒரு முறை தாங்காமல், "நான் சொல்லிடறேன்கா" என்றேன்.

அக்கா ஊதி ஒரு வாய் குடித்தார். "டீ சூடா இருக்குலா. அது போதும். ஒங்கம்மா காதுக்கு வேற மாதிரி போகும், விடு."

விட்டேன். விடச் சொன்னதை மிகச் சுலபமாகக் கேட்டுக்கொண்டேன்.

அடக்கத்துக்கு மறுநாள், சனிக்கிழமை, அக்கா இறந்து மூன்றாம் நாள். காலையில் கிழங்கு அரியத் தொடங்கினேன். எங்கள் வீட்டில் ஓவன் இல்லை. பக்கத்து வீட்டில் கேட்டு வாங்கி வைத்திருந்தேன். அக்காவின் கண்ணாடிப் பாத்திரம் எங்கள் அலமாரியில்தான் இருந்தது. அம்மா காலிபிளவரைப் பிரித்துக்கொண்டிருந்தார். வெண்ணெய் உருகும்போது சொன்னேன். சூப் கட்டி விஷயத்தை மூன்று வாரம் மறைக்கச் சொன்னது நான், அக்கா அன்றைக்கே வர இருந்தார், பயம் என்று சொன்னது எனக்காக.

அம்மா காலிபிளவரைக் கீழே வைத்தார். "மாவு அடிபிடிக்குது, கிண்டு" என்றார். கிண்டினேன். பால் முழுதையும் ஊற்றி முடித்தேன்.

"அந்தப் புள்ளய நான் மனசுக்குள்ள எவ்வளவு திட்டியிருப்பேன்" என்றார் பிறகு. "எனக்காகன்னு சொல்லாத. நீ பயந்த, அது ஒன்னோட பயம். போ, போயி அப்பாகிட்ட நீயே சொல்லு. அடுப்ப நான் பாத்துக்கறேன்."

போய்ச் சொன்னேன். விளக்கேற்றவில்லை. சத்தமாகச் சொல்ல வரவில்லை, ஆனால் உதடு அசைத்துச் சொன்னேன். திரும்பி வந்தபோது அம்மா கட்டியை உதிர்த்துப் போட்டிருந்தார். பெட்டி மேசையில் இருந்தது. எழுத்து நன்றாகத் தெரியும்படி முன்பக்கம் திருப்பி வைத்திருந்தார். நெத்திலிதான்.

பாத்திரத்தை அந்தோணி அண்ணன் கையில் கொடுக்கும்போது, "இதுல நெத்திலிக் கட்டி போட்டிருக்குண்ணே" என்றேன். அவருக்கு அந்த நிலையிலும் சிரிப்பு வந்தது. "அது இல்லாம செஞ்சா அவ கறியா அது" என்றார். கரண்டி தேடினார், அக்கா எங்கே வைப்பார் என்று தெரியவில்லை, மூன்று இழுப்பறை திறந்து பார்த்தார். நான் ஒன்றும் சொல்லாமல் எழுந்து வந்துவிட்டேன். பாத்திரத்தைக் கேட்கவில்லை. அவரே துண்டில் சுற்றித் திங்கட்கிழமை பள்ளி வேனில் கொடுத்து அனுப்பிவிட்டார். "இது ஒங்க வீட்டுலயே இருக்கட்டும்" என்று சொன்னாராம்.

அதே திங்கட்கிழமை காலை பத்து மணிக்குச் சிற்றுண்டிச்சாலைக்குப் போனேன். ஆசிரியர்கள் ஐந்தாறு பேர் இருந்தார்கள். அவர்கள் போகட்டும் என்று காத்திருக்கவில்லை. தெய்வானை அக்காவிடம், நான் இங்கே எழுதியிருப்பதை இன்னும் சுருக்கமாகச் சொன்னேன். அவர் சட்டியில் இருந்த கரண்டியை எடுக்காமல் கேட்டுக்கொண்டிருந்தார். பிறகு கேட்டார், "இத்தன நாளு பக்கத்துல நின்னு பாத்துக்கிட்டுத்தான இருந்தீங்க டீச்சர்?"

"ஆமாக்கா."

அவர் கரண்டியை எடுத்துக் கீழே வைத்தார். தேநீரைக் கலக்கினார். மற்றவர்களுக்குக் கையில் கொடுத்தார். என் குவளையை மேசை மேல் வைத்துவிட்டுத் திரும்பிக்கொண்டார்.

ரீத்தா அக்காவை அறிந்தவர்களே, அவர் மேல் ஒரு கோடு இருந்தது. அது தவறான இடத்தில் போட்ட கோடு. அந்த மூன்று வாரம் என்னுடையது. திருத்தி, பக்கத்தில் என் பெயரை எழுதுகிறேன்.

அவருடையதாக என்னிடம் இருப்பது, ஓரத்தில் சற்று உடைந்த ஒரு கண்ணாடிப் பாத்திரம். யாருக்கு எதைக் கொடுத்தாலும் உள்ளே என்ன இருக்கிறது என்று முதலில் சொல்லிவிடும் பழக்கம், இப்போதுதான் தொடங்கியிருக்கிறது. பிறகு தினமும் காலை பத்து மணிக்கு மேசை மேல் வைக்கப்படும் அந்தத் தேநீர். அக்கா சொன்னது சரிதான். சூடாகத்தான் இருக்கிறது.

க. யாழினி